பர்லிங்டன்: மூன்றாவதாக வந்தவர் ஜெயித்திருக்க வேண்டிய மேயர் தேர்தல்

2009 மார்ச் 3 அன்று அமெரிக்காவின் வெர்மாண்ட் மாநிலத்தில் உள்ள பர்லிங்டன் நகரில் மேயர் தேர்தல் நடந்தது. செல்லுபடியான ஓட்டுகள் மொத்தம் 8,976. அதே ஊரில் இருக்கும் வெர்மாண்ட் பல்கலைக்கழகத்தின் மாணவர் எண்ணிக்கையே இதைவிட அதிகம். இவ்வளவு சின்னத் தேர்தலை, தேர்தல் முறைகளை ஆராயும் கணிதக்காரர்களும் அரசியல் ஆய்வாளர்களும் இன்றுவரை விடாமல் பிரித்து மேய்கிறார்கள்.

அன்று ஜெயித்தவர் பாப் கிஸ். தோற்ற கர்ட் ரைட்டின் ஆதரவாளர்கள், தங்கள் ஆளிடமிருந்து வெற்றி பறிக்கப்பட்டதாகக் கொதித்தார்கள். ஒரே வருடத்தில் ஓட்டு எண்ணும் முறையையே ஒழித்துக்கட்டினார்கள். ஆனால் சீட்டுகளைப் பிரித்துப் பார்த்தால் ஏமாந்தவர் ரைட் இல்லை. மூன்றாவது இடத்தில் வந்து, யாரும் பெரிதாகப் பரிதாபப்படாமல் வீட்டுக்குப் போன ஆண்டி மான்ட்ரோல்தான். இது எப்படி என்று புரிய, அந்த ஊரின் அரசியலைக் கொஞ்சம் பின்னோக்கிப் பார்க்க வேண்டும்.

மூன்று கட்சி ஊர்

பர்லிங்டன் ஷாம்ப்ளேன் ஏரிக்கரையில் இருக்கிறது. 2020 கணக்கெடுப்பில் மக்கள்தொகை 44,743. வெர்மாண்டில் இதைவிடப் பெரிய ஊர் கிடையாது. ஆனால் ஐம்பது மாநிலங்களிலிருந்தும் ஆளுக்கொரு பெரிய நகரத்தை எடுத்து வரிசைப்படுத்தினால், கடைசியில் நிற்பதும் இதுதான். பென் அண்ட் ஜெர்ரிஸ் ஐஸ்கிரீம் 1978இல் இங்கே ஒரு பழைய பெட்ரோல் பங்கில்தான் தொடங்கியது.

மேயர் தேர்தல் நடப்பது மார்ச் முதல் செவ்வாய்க்கிழமை. வெர்மாண்ட் முழுக்க அது ஊர்க்கூட்ட நாள். சின்ன ஊர்களில் அன்று மக்கள் ஒரு மண்டபத்தில் கூடி, சாலைக்கு எவ்வளவு, பள்ளிக்கு எவ்வளவு என்று அங்கேயே பேசி முடிவெடுப்பார்கள். பர்லிங்டன் மாதிரி பெரிய ஊர்களில் கூட்டத்துக்குப் பதில் வாக்குச்சீட்டு. மேயர், கவுன்சிலர், பள்ளி பட்ஜெட், கடன் பத்திரம், நகர சாசனத் திருத்தம் எல்லாம் சேர்ந்தே வரும். குளிர் விட்டிருக்காது. அதிபர் தேர்தலுக்கு வருகிற கூட்டத்தில் பெரும்பகுதி இதற்கு வராது. அதனால் எந்தப் பேட்டையில் ஆட்கள் தவறாமல் வந்து ஓட்டுப் போடுகிறார்களோ அந்தப் பேட்டையின் கை ஓங்கும். இதை நினைவில் வைத்துக்கொண்டால் 2010இல் நடந்ததும் புரியும்.

அமெரிக்கா என்றாலே இரண்டு கட்சிதான் என்று நாம் பழகிவிட்டோம். பர்லிங்டனில் பல வருடங்களாக மூன்று கட்சிகள். அதற்குக் காரணம் ஒரு மனிதர்: பெர்னி சாண்டர்ஸ்.

1981இல் பர்லிங்டன் மேயராக இருந்தவர் ஜனநாயகக் கட்சியின் கார்டன் பக்கெட். ஐந்து முறை ஜெயித்தவர். அவரை எதிர்த்துக் குடியரசுக் கட்சி ஆளே நிறுத்தவில்லை. சாண்டர்ஸ் அதற்கு முந்தைய பத்தாண்டில் லிபர்ட்டி யூனியன் என்ற சின்னக் கட்சியின் பெயரில் மாநில அளவில் நான்கு முறை நின்று நான்கு முறையும் தோற்றவர். இந்த முறை சுயேச்சை. பக்கெட் சொத்து வரியை ஏற்றப் பார்த்தார். அது பலருக்குக் கசந்தது. ஏரிக்கரை நிலத்தில் என்ன கட்டுவது என்பதிலும் சண்டை இருந்தது. ‘சோஷலிஸ்ட்’ என்று தன்னைச் சொல்லிக்கொண்டவரை ஊரின் போலீஸ்காரர் சங்கமே ஆதரித்தது. போதாததற்கு, ரிச்சர்ட் போவ் என்ற உணவக உரிமையாளரும் சுயேச்சையாக நின்று 1,000 ஓட்டுக்கு மேல் வாங்கினார். அவரும் பக்கெட்டின் கட்சிக்காரர்களுக்கு நெருக்கமான ஆள்தான், ஆக அந்த ஓட்டுகளில் பெரும்பங்கு யாருடைய கணக்கில் போயிருக்கும் என்று ஊகிப்பது கஷ்டமில்லை. மறு எண்ணிக்கை முடிந்தபோது சாண்டர்ஸ் 4,330, பக்கெட் 4,320.

பத்தே ஓட்டு. பின்னாளில் அமெரிக்க செனட்டுக்கும் இரண்டு அதிபர் போட்டிகளுக்கும் போன ஒரு அரசியல் வாழ்க்கை அந்தப் பத்து ஓட்டில்தான் தொடங்கியது. கவனிக்க வேண்டியது இன்னொன்று: சாண்டர்ஸுக்குப் பாதி ஓட்டுகூடக் கிடைக்கவில்லை, நாற்பத்துச் சொச்சம் சதவீதம்தான். பர்லிங்டனில் ‘யார் ஜெயித்தார்’ என்பதைவிட ‘எந்த விதிப்படி ஜெயித்தார்’ என்ற கேள்விக்கு உயிர் அதிகம். அது அன்றே ஆரம்பித்துவிட்டது.

நகர கவுன்சிலில் அப்போது 13 பேர். அவர்களில் பெரும்பாலோர் புது மேயரை ஒரு விபத்தாகவே பார்த்தார்கள். அவர் கொண்டுவந்த நியமனங்களை ஏற்க மறுத்தார்கள். அடுத்த வருடத் தேர்தலில் சாண்டர்ஸின் ஆட்கள் கவுன்சிலில் கூடினார்கள், மேயரின் வீட்டோவைக் காப்பாற்றுகிற அளவுக்கு. 1984இல் நகரத்தின் பணத்தில் வீட்டுவசதிக்கான சமூக நில அறக்கட்டளை ஒன்று தொடங்கியது. நிலம் அறக்கட்டளையிடம் இருக்கும், வீடு மட்டும் குடும்பத்துக்குச் சொந்தம், விற்றால் லாபத்தில் ஒரு பங்குதான் கைக்கு வரும் என்ற ஏற்பாடு; அதனால் அடுத்து வாங்குபவருக்கும் வீடு கட்டுப்படியாகும். இன்றும் அது ஷாம்ப்ளேன் ஹவுசிங் டிரஸ்ட் என்ற பெயரில் நடக்கிறது. சாண்டர்ஸ் 1989 வரை மேயர். அவருக்குப் பின் அவருடைய அணியைச் சேர்ந்த பீட்டர் கிளவெல், நடுவில் இரண்டு வருடம் குடியரசுக் கட்சியின் பீட்டர் பிரவுனல், மறுபடி 2006 வரை கிளவெல். அந்த அணிதான் பிறகு வெர்மாண்ட் முற்போக்குக் கட்சி என்று முறைப்படி ஆனது.

ஆக, ஊர் மூன்றாகப் பிரிந்து நின்றது. வாடகைக்குக் குடியிருப்போரும் மாணவர்களும் அதிகமுள்ள ஓல்ட் நார்த் எண்ட் முற்போக்குக் கட்சியின் கோட்டை. தனி வீடுகளும் சொத்து வரிக் கவலையும் நிறைந்த நியூ நார்த் எண்டில் குடியரசுக் கட்சிக்குச் செல்வாக்கு. தெற்குப் பகுதியும் மேட்டுப் பகுதியும் பெரும்பாலும் ஜனநாயகக் கட்சி. யாருக்கும் தனியாகப் பாதி கிடையாது.

வரிசைப்படுத்திப் போடும் ஓட்டு

இப்படிப்பட்ட ஊரில், அதிக ஓட்டு வாங்கியவர் மேயர் என்று விட்டால் முப்பத்துச் சொச்சம் சதவீதத்தில் ஒருவர் வந்து உட்காருவார். நகர சாசனம் அதற்கு ஒரு தடுப்பு வைத்திருந்தது: குறைந்தது 40% வேண்டும், இல்லாவிட்டால் முதல் இருவருக்குள் இன்னொரு தேர்தல். அந்த இரண்டாவது தேர்தலுக்குச் செலவு, அலைச்சல், வருகிற கூட்டமும் குறையும் என்பதால், 2005இல் புது முறை ஒன்றை மக்கள் வாக்கெடுப்பில் ஏற்றுக்கொண்டார்கள்.

முறை எளிது. ஒரே ஆளுக்குப் போடாமல், பிடித்த வரிசையில் 1, 2, 3 என்று குறிக்க வேண்டும். முதல் விருப்பங்களை எண்ணும்போது யாருக்கும் பாதிக்கு மேல் இல்லையென்றால் கடைசி ஆளை நீக்குவார்கள். அவருடைய சீட்டுகள் அவற்றில் அடுத்து குறிக்கப்பட்டவர்களுக்குப் போகும். இருவர் மிஞ்சும் வரை இதே கதை.

நம்மில் பலருக்கு இது புதிதல்ல. இந்தியக் குடியரசுத் தலைவர் தேர்தலில் இந்த முறைதான், 1969இல் வி.வி. கிரி ஜெயித்ததும் இரண்டாம் விருப்ப ஓட்டுகளை எண்ணிய பிறகுதான். இலங்கையில் ஜனாதிபதித் தேர்தல் சீட்டில் விருப்பு வாக்கு உண்டு. 2024 செப்டம்பரில் அனுர குமார திசாநாயக்கவுக்கு 50% கிடைக்காததால் வரலாற்றில் முதல் முறையாக இரண்டாம் சுற்று எண்ணினார்கள். இலங்கையில் முதல் இருவரைத் தவிர மற்ற எல்லோரையும் ஒரே அடியாக நீக்கிவிடுவார்கள். பர்லிங்டனில் ஒவ்வொருவராக நீக்குவார்கள். அதுதான் வித்தியாசம்.

2006இல் முதல் முறை இதைப் பயன்படுத்தியபோது சத்தமே இல்லை. முற்போக்குக் கட்சியின் பாப் கிஸ் முதல் சுற்றில் 39% அளவில் முன்னிலை, ஜனநாயகக் கட்சியின் ஹிண்டா மில்லர் இரண்டாவது. (விளையாட்டு வீராங்கனைகளுக்கான உள்ளாடையைக் கண்டுபிடித்தவர்களில் ஒருவர் இந்த மில்லர், சின்ன ஊர் அரசியலில் இப்படிப்பட்டவர்களும் நிற்பார்கள்.) அடுத்த சுற்றிலும் கிஸ்தான் முன்னிலை. முதலில் முந்தியவரே கடைசியிலும் முந்தினால் யாருக்கும் புகார் இருக்காது.

2009: எண்ணிக்கையைக் கிட்டப் போய்ப் பார்த்தால்

மூன்று வருடம் கழித்து ஐந்து பேர் நின்றார்கள். குடியரசுக் கட்சியின் கர்ட் ரைட், முற்போக்குக் கட்சியின் மேயர் கிஸ், ஜனநாயகக் கட்சியின் ஆண்டி மான்ட்ரோல், சுயேச்சை டேன் ஸ்மித், பசுமைக் கட்சியின் ஜேம்ஸ் சிம்ப்சன்.

முதல் விருப்பங்கள் இப்படி விழுந்தன: ரைட் 2,951, கிஸ் 2,585, மான்ட்ரோல் 2,063, ஸ்மித் 1,306, சிம்ப்சன் 35. சீட்டில் தாங்களாகவே வேறு பெயர் எழுதிப் போட்டவர்கள் 36 பேர்.

ரைட்டுக்கு 33% கூட இல்லை. சரி, கடைசி ஆட்களை நீக்கினார்கள். ஸ்மித், சிம்ப்சன், எழுதிப் போட்ட பெயர்கள் போனதும் ரைட் 3,294, கிஸ் 2,981, மான்ட்ரோல் 2,554. இப்போது மூவரில் கடைசி மான்ட்ரோல். அவரை நீக்கினார்கள். அவருடைய 2,554 சீட்டுகளில் 1,332 கிஸ்ஸுக்கு, 767 ரைட்டுக்கு. மீதியில் அடுத்த பெயரே இல்லை. முடிவு: கிஸ் 4,313, ரைட் 4,061. வித்தியாசம் 252.

இரண்டு சுற்றிலும் முதலிடத்தில் இருந்த ரைட் கடைசிச் சுற்றில் தோற்றார். வெளியிலிருந்து பார்க்கும் எவருக்கும் இது உறுத்தும். அதுபோக, கிஸ் வாங்கிய 4,313 என்பது மொத்தச் சீட்டில் 48% மட்டுமே. ‘இந்த முறையில் ஜெயிப்பவருக்கு எப்போதும் பெரும்பான்மை இருக்கும்’ என்று பிரசாரம் செய்தவர்களுக்கு அது சங்கடம். பெரும்பான்மை என்றால் கடைசிச் சுற்று வரை உயிரோடிருந்த சீட்டுகளில் பெரும்பான்மை என்று விளக்கம் சொல்ல வேண்டியதாயிற்று.

ஆனால் விஷயம் இதோடு நிற்கவில்லை. நகர நிர்வாகம் எல்லாச் சீட்டுகளின் விவரத்தையும், யாருடையது என்று தெரியாத வகையில், வெளியிட்டது. எந்தச் சீட்டில் எந்த வரிசை என்று யார் வேண்டுமானாலும் கூட்டிப் பார்க்கலாம். கூட்டிப் பார்த்தவர்களுக்குக் கிடைத்தது இது: மான்ட்ரோலையும் கிஸ்ஸையும் மட்டும் எதிரெதிரே நிறுத்தினால் மான்ட்ரோல் சுமார் 590 ஓட்டில் ஜெயிக்கிறார். மான்ட்ரோலையும் ரைட்டையும் நிறுத்தினால் 900க்கு மேல் வித்தியாசத்தில் மான்ட்ரோல் ஜெயிக்கிறார். ரைட்டையோ, கிஸ்ஸோடு நிறுத்தினாலும் தோற்கிறார், மான்ட்ரோலோடு நிறுத்தினாலும் தோற்கிறார்.

அதாவது, ஊரில் பெரும்பான்மையினர் மற்ற இருவரில் எவரைவிடவும் மான்ட்ரோலையே விரும்பினார்கள். அவர்தான் முதலில் வெளியேறினார்.

இதில் மாயமில்லை. மான்ட்ரோல் நடுவில் நின்றவர். இடது பக்கத்து ஆட்களுக்கு அவர் இரண்டாவது, வலது பக்கத்து ஆட்களுக்கும் அவரே இரண்டாவது. ஆனால் இந்த முறை ஒவ்வொரு சுற்றிலும் அப்போது மேலே இருக்கும் பெயரை மட்டுமே பார்க்கிறது. பலருக்கு இரண்டாவதாக இருப்பவர், தன் இரண்டாம் விருப்பங்கள் எண்ணப்படுகிற கட்டம் வருமுன்னே கழிந்துபோகிறார். கல்யாணப் பந்தியில் எல்லாரும் சாம்பாரைக் குறை சொல்லமாட்டார்கள், ஆனால் எதற்காக வந்தாய் என்று கேட்டால் பாயசம் என்பார் ஒருவர், வடை என்பார் இன்னொருவர். சாம்பாருக்கு ஓட்டு விழாது.

இன்னும் விசித்திரம், ரைட்டின் ஆதரவாளர்கள் விஷயம். அவர்களில் ஏறத்தாழ 1,500 பேர் ரைட்டுக்கு அடுத்து, கிஸ்ஸைவிட மான்ட்ரோலை மேலே வைத்திருந்தார்கள். அவர்களில் சுமார் 370 பேர் மட்டும் தங்கள் ஆளை விட்டுவிட்டு மான்ட்ரோலுக்கு 1 போட்டிருந்தால், மூன்றாவது இடத்துக்கு ரைட் தள்ளப்பட்டிருப்பார். கடைசிச் சுற்றில் மான்ட்ரோல் கிஸ்ஸைத் தோற்கடித்திருப்பார். மனதுக்குப் பிடித்தவருக்கே நேர்மையாக 1 போட்டதால், தங்களுக்குச் சுத்தமாகப் பிடிக்காதவர் மேயரானார். ‘இந்த முறையில் தந்திரமாக ஓட்டுப் போட வேண்டியதில்லை, மனதில் இருப்பதை எழுதுங்கள், வீணாகாது’ என்று சொல்லித்தான் இதைக் கொண்டுவந்தார்கள்.

இதையும் மிஞ்சும் ஒரு கணக்கு உண்டு. ரைட்டின் ஆதரவாளர்களில் 753 பேர், மான்ட்ரோலை இரண்டாவதாகக் குறிக்காதவர்கள், மனம் மாறி கிஸ்ஸுக்கு முதல் இடம் கொடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? ரைட் 2,541க்கு இறங்கி மான்ட்ரோலின் 2,554க்குக் கீழே போய் நீக்கப்பட்டிருப்பார். கடைசியில் மான்ட்ரோலும் கிஸ்ஸும். மான்ட்ரோல் ஜெயித்திருப்பார். கூடுதலாக 753 பேர் ஆதரித்திருந்தால் கிஸ் தோற்றிருப்பார்! புத்தகத்தில் மட்டும் வரும் கணக்குப் புதிர் என்று நினைத்த ஒன்று, நிஜ ஊரில், நிஜச் சீட்டில், எவரும் சரிபார்க்கக்கூடிய எண்ணோடு வந்து நின்றது. ஆராய்ச்சியாளர்கள் இந்தத் தேர்தலை விடாததற்குக் காரணம் அதுதான்.

கோபம் எதன் மேல்?

இதெல்லாம் ஊர்க்காரர்களுக்குத் தெரிந்து அதனால் அந்த முறையை ஒழித்தார்கள் என்று நினைத்தால் தவறு. ஒழித்ததற்குப் பெரிய காரணம் கேபிள் டிவி.

பர்லிங்டனில் மின்சாரம் நகராட்சியின் சொந்தத் துறை, நீண்ட காலமாகவே. அது நன்றாக ஓடியதால் இன்டர்நெட்டும் கேபிளும் நாமே தரலாமே என்ற யோசனையில் பர்லிங்டன் டெலிகாம் பிறந்தது. ஊரெங்கும் ஃபைபர் இழுத்தார்கள். செலவு எகிறியது, சந்தாதாரர்கள் எதிர்பார்த்த வேகத்தில் வரவில்லை. நகரத்தின் பொதுக் கணக்கிலிருந்து எடுத்த பணத்தை இரண்டு மாதத்துக்குள் திருப்பிக் கட்ட வேண்டும் என்பது மாநில ஒழுங்குமுறை வாரியத்தின் நிபந்தனை. கட்டவில்லை. அப்படிச் சேர்ந்த தொகை சுமார் 1.7 கோடி டாலர். இது ஊருக்குத் தெரியவந்தது 2009 இலையுதிர் காலத்தில், அதாவது மேயர் தேர்தல் முடிந்து ஆறேழு மாதம் கழித்து.

மார்ச்சிலேயே தெரிந்திருந்தால் கிஸ் ஜெயித்திருப்பாரா என்று ஊரே கேட்டது. நகரத்தின் கடன் தரமதிப்பு இறங்கியது. சிட்டிபேங்க் 3.3 கோடி டாலருக்கு மேல் கேட்டு வழக்குப் போட்டது. அந்த வழக்கு 2014இல்தான் சமரசமானது. நிறுவனத்தையும் பிறகு விற்றார்கள்.

கிஸ்ஸைப் பதவியிலிருந்து இறக்க 2012 வரை வழியில்லை. அவரைக் கொண்டுவந்த முறையை இறக்கலாம். ரைட்டின் ஆதரவாளர்கள் முன்னின்று கையெழுத்துத் திரட்டி, 2010 மார்ச் சீட்டில் அதை ஒழிக்கும் திருத்தத்தைக் கொண்டுவந்தார்கள். ஒழிக்கலாம் 3,972, வேண்டாம் 3,669. ஏழு வார்டுகளில் ஐந்து, முறை இருக்கட்டும் என்றே சொன்னது. நியூ நார்த் எண்டின் இரண்டு வார்டுகள், 4ம் 7ம், திரளாக வந்து எதிராகப் போட்டன. அதில் கணக்கு முடிந்தது. தவறாமல் ஓட்டுச்சாவடிக்கு வருகிற பேட்டையின் கை ஓங்கும் என்று சொன்னேனே, அது இங்கே.

மக்கள் தீர்ப்போடு வேலை முடிவதில்லை. வெர்மாண்டில் நகர சாசனத்தில் எதை மாற்றினாலும் மாநில சட்டமன்றம் ஏற்க வேண்டும். அதுவும் ஆயிற்று. அந்த வசந்தத்தில் ஆளுநர் ஜிம் டக்ளஸ் கையெழுத்திட்டார். பழைய 40% விதி திரும்ப வந்தது.

எனக்கு இதில் பிடிபடாத ஒன்று: திரும்பக் கொண்டுவந்த விதியை 2009க்குப் பொருத்திப் பார்த்தால் என்ன வருகிறது? ரைட் 33%, நாற்பதைத் தொடவில்லை. ஆக முதல் இருவருக்குள் இரண்டாவது தேர்தல். முதல் இருவர் யார்? ரைட்டும் கிஸ்ஸும். அந்தச் சீட்டுகளே சாட்சி என்றால் கிஸ்தான் மறுபடியும் ஜெயிப்பார். மான்ட்ரோல் இந்த விதியிலும் வெளியேதான். ரைட் கோஷ்டி ஒழித்த முறையும் அவர்கள் மீட்ட முறையும் அவர்களுக்கு ஒரே தோல்வியைத்தான் தந்திருக்கும். மான்ட்ரோலுக்கு நியாயம் செய்யும் முறை எது என்ற பேச்சு, இரண்டு பக்கத்துப் பிரசாரத்திலும் அடிபட்டதாகத் தெரியவில்லை. விதியை மாற்றுகிறோம் என்று சொல்லி ஆளைத் தண்டித்தார்கள். தண்டிக்கக் காரணம் இல்லை என்று சொல்ல மாட்டேன். டெலிகாம் விவகாரத்தில் ஊர்க்காரர்களின் கோபம் நியாயமானது. குறி மட்டும் தப்பான இடத்தில் வைத்தார்கள்.

நாற்பதின் காலம்

2012இல் கிஸ் நிற்கவில்லை. ஜனநாயகக் கட்சியில் யாரை நிறுத்துவது என்பதற்கான கூட்டம் 2011 நவம்பரில் மெமோரியல் அரங்கில் நடந்தது. ஆயிரத்துக்கு மேற்பட்டவர்கள் வந்தார்கள். அங்கேயும் சுற்றுச் சுற்றாக ஓட்டெடுத்துக் கடைசி ஆளை நீக்கும் வழிதான். இறுதிச் சுற்றில் மிரோ வைன்பெர்கருக்கு 540, டிம் ஆஷுக்கு 540. சமம்! அப்புறம் டிசம்பரில் இன்னொரு நாள் கூட்டி வைன்பெர்கரைத் தேர்ந்தெடுத்தார்கள். மார்ச்சில் அவர் ரைட்டைத் தெளிவான வித்தியாசத்தில் தோற்கடித்தார். பத்து ஓட்டில் பக்கெட் தோற்ற பிறகு முப்பது வருடத்துக்கு மேல் காத்திருந்து ஜனநாயகக் கட்சி மேயர் நாற்காலியில் உட்கார்ந்தது.

வைன்பெர்கர் 2015, 2018 என்று ஜெயித்துக்கொண்டே வந்தார். 2021இல் மூச்சு முட்டியது. அதற்கு முந்தைய கோடையில் ஜார்ஜ் ஃபிளாய்ட் கொலைக்குப் பின் நகர கவுன்சில், காவலர் எண்ணிக்கையை 30% குறைப்பதாகத் தீர்மானம் போட்டிருந்தது. அதை ஆதரித்த முற்போக்குக் கட்சியின் மேக்ஸ் டிரேசி மேயருக்கு எதிராக நின்றார். சுயேச்சையாகக் கவுன்சிலர் அலி டியங்கும் நின்றார். வைன்பெர்கர் டிரேசியை 129 ஓட்டில் வென்றார், மொத்த ஓட்டில் 43% அளவோடு. நாற்பதைத் தாண்டியதால் இரண்டாவது தேர்தல் இல்லை. டியங்குக்குப் போட்டவர்கள் மற்ற இருவரில் யாரை விரும்பியிருப்பார்கள் என்று யாராலும் சொல்ல முடியாது. அந்தச் சீட்டில் அதைக் கேட்கவே இல்லை.

அதே நாளில், அதே வாக்காளர்கள், வரிசைப்படுத்தும் முறையைக் கவுன்சில் தேர்தலுக்கு மீண்டும் கொண்டுவரலாம் என்று 64% ஆதரவோடு சொன்னார்கள். பதினொரு வருடத்தில் ஊர் மாறியிருந்தது. 2010இல் ஓட்டுப் போட்ட பலர் ஊரிலேயே இல்லை, புதிதாக வந்தவர்களுக்குக் கிஸ் யார் என்றே தெரியாது. மாநில ஒப்புதல் 2022இல் கிடைத்தது. 2023 மார்ச்சில் மேயர் தேர்தலுக்கும் அதை நீட்டிக்க மக்கள் சம்மதித்தார்கள்.

கொண்டுவந்தது 2009இல் கோளாறு காட்டிய அதே எண்ணும் முறையைத்தான். இருவர் இருவராக ஒப்பிட்டு, எல்லாரையும் வெல்லும் ஒருவர் இருந்தால் அவரையே தேர்ந்தெடுப்பது என்று விதியில் ஒரு வரி சேர்த்தால் மான்ட்ரோலின் கதி இன்னொருவருக்கு வராது. அந்த வரியைச் சேர்க்கவில்லை. எளிதாக விளக்க முடிகிற முறைக்குத்தான் ஓட்டு விழும் என்பது அதை ஆதரிப்பவர்களின் வாதம். அதிலும் உண்மை இருக்கிறது: சுற்றுச் சுற்றாக ஆளை நீக்குவதை இரண்டு நிமிடத்தில் சொல்லிவிடலாம். ஆனால் 2022 ஆகஸ்டில் அலாஸ்காவில் நாடாளுமன்ற இடைத்தேர்தலில் இதே கதை நடந்தது. மூன்றாவதாக வந்து நீக்கப்பட்ட நிக் பெகிச், மேரி பெல்டோலாவையும் சாரா பேலினையும் தனித்தனியே வென்றிருக்கக்கூடியவர். அங்கேயும் உடனே ஒழிப்பு இயக்கம் கிளம்பியது. 2024இல் அது சில நூறு ஓட்டில் தோற்றது.

பர்லிங்டனில் 2024 மார்ச் 5 அன்று, 15 வருடத்துக்குப் பின் மேயர் சீட்டில் மறுபடி 1, 2, 3 வந்தது. போதைப்பொருள், திருட்டு, காவலர் பற்றாக்குறைதான் பேச்சு. முற்போக்குக் கட்சியின் எம்மா முல்வேனி-ஸ்டானக், ஜனநாயகக் கட்சியின் ஜோன் ஷானன், இரண்டு சுயேச்சைகள். முதல் சுற்றிலேயே முல்வேனி-ஸ்டானக்குக்கு 51% கிடைத்துவிட்டது. ஊரின் முதல் பெண் மேயர் அவர். இரண்டாம் விருப்பங்களை எண்ணத் தேவையே வரவில்லை.

குடியரசுக் கட்சி அந்தத் தேர்தலில் ஆளே நிறுத்தவில்லை. 2021இலும் அப்படித்தான். 2009இல் சிக்கல் வந்ததற்குக் காரணம் மூன்று அணிகளும் ஏறக்குறைய சம பலத்தில் நின்றது. இப்போது இரண்டு அணிதான், நடுவில் அவ்வப்போது ஒரு சுயேச்சை. அந்தச் சுயேச்சை, 2021இல் டியங் வாங்கிய 13%ஐத் தாண்டி 25% பக்கம் போகாத வரை, இந்த முறையில் யார் மேயரானாலும் பெரிதாகச் சண்டை வராது. மேயரின் பதவிக்காலம் மூன்று வருடம். அடுத்த தேர்தல் 2027 மார்ச் மாதம்.